கரண்ட் வந்த சேதி

கொங்கு நாட்டுக் கிணறுகளில் மின்மோட்டார் இறங்கியது பைக்காரா நீர்மின் நிலையம் 1932இல் ஓடத் தொடங்கிய பிறகுதான். அதுவரை கிணற்றடியில் நீர் இறைக்கும் கவலை ஓடியது. எருதுகள் சால் இழுத்தன. 1937இல் ஜி.டி. நாயுடுவும் டி. பாலசுந்தரம் நாயுடுவும் கோவையில் மின்மோட்டார் செய்து காட்டினார்கள். பின்னாளில் மோட்டாரும் பம்பும் இந்த ஊரின் அடையாளமாகவே ஆகிவிட்டன. எருது பூட்டிய கவலை போனது. கரண்ட் எப்போது வரும் என்கிற கவலை அந்த இடத்துக்கு வந்தது.

பம்ப்செட் மின்கட்டணத்தை எதிர்த்து, நாராயணசாமி நாயுடு தலைமையில் விவசாயிகள் 1972இல் மாட்டுவண்டிகளை நிறுத்திக் கோவையைத் திணறடித்தார்கள். 1990இல் விவசாய மின்சாரம் முழுக்க இலவசமானது. கட்டணப் பிரச்சினை தீர்ந்தாலும் நேரப் பிரச்சினை தீரவில்லை. மோட்டாருக்குத் தேவையான மும்முனை மின்சாரம் பகலில் சில மணி நேரம், இரவில் சில மணி நேரம் என்று முறைவைத்தே வந்தது. வரும் என்று சொன்ன நேரத்துக்கு வராமலும் போனது.

மோட்டார் ரூம் பலகையில் சிவப்பு, மஞ்சள், நீலம் என்று மூன்று சின்ன விளக்குகள் இருக்கும். மூன்றும் எரிந்தால் த்ரீ பேஸ், அதாவது மும்முனை மின்சாரம். ஒன்று அணைந்திருந்தாலும் மோட்டாரைப் போடக் கூடாது. இதைப் பார்க்கத்தான் தோட்டத்துச் சாளையில் படுத்திருப்பவர் நடுராத்திரியில் டார்ச் லைட்டோடு வரப்பில் நடந்தார். பாம்புக் கடிக்குப் பயந்துகொண்டே நடந்தார். பக்கத்துத் தோட்டத்துத் தொட்டியில் தண்ணீர் கொட்டும் சத்தம் கேட்டால் அதுவே சேதி. கரண்ட் வந்ததும் மோட்டாரைத் தானே ஓட்டிவிடும் ஆட்டோ ஸ்விட்ச் வந்து நடையைக் குறைத்தது. ஆனால் கிணற்றில் தண்ணீர் இல்லாத நாளில் அதுவே மோட்டாரின் காயிலையும் எரித்துவிடும். காயில் கட்டும் பட்டறைக்காரருக்குத்தான் வேலை.

செல்போன் பரவியபின் மொபைல் ஸ்டார்ட்டர் வந்தது. புனேயில் சந்தோஷ் ஒஸ்ட்வால் உருவாக்கிய ‘நானோ கணேஷ்’ இதில் முன்னோடி. ஸ்டார்ட்டர் பெட்டிக்குள் ஒரு சிம் கார்டு. தோட்டக்காரர் வீட்டிலிருந்தே அந்த எண்ணுக்கு அழைத்து மோட்டாரைப் போடலாம், நிறுத்தலாம். பெட்டியே திரும்ப அழைத்து, கரண்ட் வந்ததையும் போனதையும் சொல்லும். நூறாண்டு தாண்டிய தொலைபேசி வரலாற்றில் கிணறு மனிதனைக் கூப்பிட்டது இதுதான் முதல் தடவையாக இருக்கும்.

அழைப்பின் இடத்தை அடுத்து ஆப் பிடித்தது. செயலி மூடிக் கிடந்தாலும் போனை எட்டும் அறிவிப்பை ஆப்பிள் 2009இல் தொடங்கியது; கூகுள் 2010இல் ஒரு சேவையோடு வந்து, 2012இல் அதை மாற்றி, 2016இல் ஃபயர்பேஸ் கிளவுட் மெசேஜிங் என்று மறுபடி மாற்றியது. ஆப் ஒவ்வொன்றும் தனித்தனியே சர்வரைக் கேட்டுக்கொண்டிருந்தால் பேட்டரி நிற்காது. அதனால் ஆண்ட்ராய்டு போனுக்கும் கூகுளுக்கும் நடுவே திறந்திருக்கும் ஒரே இணைப்பில் எல்லா ஆப்களின் சேதியும் வருகிறது. ஆப்பை நிறுவியதும் அந்தப் போனுக்கென்று ஒரு டோக்கன் கிடைக்கும்; ஸ்டார்ட்டர் கம்பெனியின் சர்வர் அதைத் தோட்டத்துப் பெட்டியின் எண்ணோடு சேர்த்துப் பதிந்துகொள்ளும். பெட்டி மூன்று பேஸையும் கண்டதும் சர்வருக்குச் சொல்லும். சர்வர் டோக்கனைக் காட்டி ஃபயர்பேஸிடம் ஒப்படைக்கும். அங்கிருந்து சேதி போனுக்கு வரும். போன் மாறினாலும் ஆப்பை அழித்துப் போட்டாலும் டோக்கன் மாறிவிடும். புதியதைப் பதியத் தவறினால் சேதி ஆளில்லாத வீட்டுக்குப் போன தபால்தான்.

இந்த அறிவிப்பை அமைப்பவர் கொங்கு நாட்டு இரவை அறிந்தவராக இருப்பது நல்லது. ஆண்ட்ராய்டு 6 வந்த 2015 முதல், அசையாமல் கிடக்கும் போன் உறக்கத்துக்குப் போய்விடுகிறது. சாதாரண முன்னுரிமையில் அனுப்பிய சேதி அது விழிக்கும்வரை காத்திருக்கும். கட்டிலுக்கடியில் கிடக்கும் போனை எழுப்ப உயர் முன்னுரிமை வேண்டும். இன்னொன்று சேதியின் ஆயுள். எதுவும் குறிப்பிடாவிட்டால் ஃபயர்பேஸ் ஒரு சேதியை 4 வாரம்வரை வைத்திருந்து கொடுக்கும். தள்ளுபடி விளம்பரத்துக்கு அது சரி. இரவு 2 மணிக்கு வந்து 5 மணிக்குப் போன கரண்டின் சேதி, காலையில் போனை ஆன் செய்ததும் வந்து நின்றால் கேலியாக இருக்கும். ஆயுளைச் சில நிமிடங்களுக்குக் குறைத்தால் இது தீரும். ஆண்ட்ராய்டு 13 முதல், புதிதாக நிறுவும் ஆப் அறிவிப்புக்குத் தனியாக அனுமதியும் கேட்க வேண்டும். அவசரத்தில் ‘வேண்டாம்’ என்று தட்டியவருக்கு எதுவும் வராது.

இன்டர்நெட் இல்லாத பட்டன் போன் வைத்திருப்பவருக்கு இந்த ஏற்பாடு எதுவும் பயன்படாது. சிம் போட்ட பெட்டி இன்றும் அவரை நேராக அழைத்தே கரண்ட் வந்ததைச் சொல்கிறது.