பல்கலைக்கழகங்களில் பாலியல் துன்புறுத்தல்: முறைப்பாடு எங்கே நின்றுபோகிறது?

உயர்தரப் பரீட்சைப் பெறுபேறு வந்து, வெட்டுப்புள்ளியும் வெளியாகி, பிள்ளைக்குப் பல்கலைக்கழக அனுமதி கிடைத்துவிட்டால் நமது வீடுகளில் எழும் கேள்விகள் ஏறக்குறைய ஒரே மாதிரியானவை. விடுதி கிடைக்குமா? ஹலால் சாப்பாட்டுக்கு என்ன வழி? தொழுவதற்கு இடம் இருக்கிறதா? ஊருக்கு நேரடி பஸ் ஓடுகிறதா? படிப்பித்த ஆசிரியர்கள் என்ற வகையில் எங்களிடமும் இவைதான் கேட்கப்படுகின்றன. அங்கே பிள்ளைக்கு ஏதும் அநியாயம் நடந்தால் யாரிடம் போய்ச் சொல்வது என்று கேட்ட ஒரு பெற்றோரையேனும் நான் இதுவரை காணவில்லை.

இன்று அரச பல்கலைக்கழகங்களில் படிப்போரில் பாதிக்கும் மேற்பட்டோர் பெண்கள். ஒலுவிலில் மட்டுமல்ல, பேராதனையிலும் ருகுணையிலும் பெலிஹுல்ஓயாவிலும் நமது ஊர்ப் பிள்ளைகள் படிக்கிறார்கள். ஆகவே இந்தக் கேள்வியைக் கேட்டேயாக வேண்டும்.

முதலில் எதைப் பாலியல் துன்புறுத்தல் என்கிறோம் என்பதில் தெளிவு வேண்டும். பலாத்காரம் மட்டும்தான் குற்றம், மற்றவையெல்லாம் 'பகிடி' என்ற எண்ணம் நம்மிடையே ஆழமாக இருக்கிறது. சட்டம் அப்படிச் சொல்லவில்லை. 1995 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்கத் திருத்தச் சட்டத்தால் மாற்றப்பட்ட தண்டனைச் சட்டக்கோவையின் 345 ஆம் பிரிவு, சொல்லாலோ செயலாலோ இன்னொருவருக்குப் பாலியல் ரீதியான தொந்தரவு கொடுப்பதைக் குற்றமாக்குகிறது. ஐந்து வருடம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். பாதிக்கப்பட்டவருக்கு நட்டஈடு கொடுக்குமாறும் நீதிமன்றம் கட்டளையிடலாம். பாதிக்கப்பட்டவர் பெண்ணாகத்தான் இருக்க வேண்டும் என்றும் அந்தப் பிரிவு சொல்லவில்லை. ஆண் பிள்ளைகளும் இதற்கு ஆளாகிறார்கள், அவர்கள் வாய் திறப்பது இன்னும் குறைவு.

அந்தப் பிரிவோடு சேர்ந்து வரும் ஒரு விளக்கக் குறிப்பைப் பலர் கவனிப்பதில்லை. அதிகாரத்தில் உள்ள ஒருவர், வேலைத்தளத்திலோ வேறெந்த இடத்திலோ, மற்றவர் விரும்பாத பாலியல் அணுகுதலைச் சொல்லால் அல்லது செயலால் செய்வது பாலியல் துன்புறுத்தலாகும் என்று அது கூறுகிறது. 'வேறெந்த இடத்திலும்' என்பதில் விரிவுரை மண்டபமும் அடங்கும், விரிவுரையாளரின் அறையும் அடங்கும்.

பகிடிவதைக்குத் தனிச் சட்டமே இருக்கிறது. 1975 இல் பேராதனையில் ரூபா ரத்னசீலி என்ற மாணவி, பாலியல் ரீதியான பகிடிவதையிலிருந்து தப்புவதற்காக விடுதியின் மாடியிலிருந்து குதித்து நடமாட முடியாதவரானார். 1997 இல் அதே பல்கலைக்கழகத்தின் பொறியியல் பீட மாணவர் வரப்பிரகாஷ் பகிடிவதையால் உயிரிழந்தார். இரண்டு சம்பவங்களுக்கும் இடையில் இருபத்திரண்டு வருடங்கள். அதன் பிறகுதான் 1998 ஆம் ஆண்டின் 20 ஆம் இலக்கச் சட்டம் வந்தது. சாதாரண பகிடிவதைக்கு இரண்டு வருடம் வரையிலும், பகிடிவதையின்போது பாலியல் துன்புறுத்தல் அல்லது கடுங்காயம் ஏற்படுத்தினால் பத்து வருடம் வரையிலும் கடூழியச் சிறை. இந்தச் சட்டம் பல்கலைக்கழகங்களுக்கு மட்டும் உரியதல்ல, கல்வியியற் கல்லூரிகளும் ஆசிரியர் கலாசாலைகளும் இதற்குள் வருகின்றன. நேரில் நிற்க வேண்டும் என்ற அவசியமும் இப்போது இல்லை. கொவிட் முடக்க காலமான 2020 இல், வீட்டில் இருந்த புதுமுக மாணவிகளுக்குக் கைத்தொலைபேசி வழியாகவே பாலியல் பகிடிவதை நடந்ததாக யாழ்ப்பாணத்திலிருந்து முறைப்பாடுகள் வெளிவந்ததை வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

மூன்றாவதாக, பாலியல் இலஞ்சம். புள்ளிக்காக, பரீட்சை அனுமதிக்காக, ஆய்வுக்கட்டுரையில் கையொப்பத்துக்காக ஒருவர் உடலை விலையாகக் கேட்டால் அது வெறும் ஒழுக்கக் கேடு அல்ல, ஊழல். 2023 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்க ஊழல் எதிர்ப்புச் சட்டம் பாலியல் அனுகூலத்தையும் இலஞ்சமாக வெளிப்படையாகவே ஏற்றுக்கொண்டுள்ளது. அதாவது இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவிலும் முறையிடலாம். அதன் தொலைபேசி இலக்கம் 1954.

ஆக, நமது நாட்டில் சட்டத்துக்குக் குறைவில்லை. பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழு பால்நிலை ஒப்புரவு, சமத்துவத்துக்கென ஒரு நிலையத்தை வைத்திருக்கிறது. பல்கலைக்கழகங்களிலும் அதற்கான பிரிவுகள் உள்ளன. அப்படியிருந்தும் முறைப்பாடுகள் ஏன் முடிவுக்கு வருவதில்லை? எனது பார்வையில், பெரும்பாலான முறைப்பாடுகளின் தலைவிதி நீதிமன்றத்திலோ பேரவையிலோ தீர்மானிக்கப்படுவதில்லை. பிள்ளை முதன்முதலாக வாய் திறக்கும் அந்த ஓரிரு நாட்களில், அதைக் கேட்கும் முதல் ஆளிடமே அது தீர்மானமாகிவிடுகிறது.

அந்த முதல் ஆள் மாணவர் ஆலோசகராக இருக்கலாம், துறைத் தலைவராக இருக்கலாம், விடுதிப் பொறுப்பாளராக இருக்கலாம். நல்ல மனிதராகக்கூட இருக்கலாம். ஆனால் குற்றம் சாட்டப்படுபவர் அவருடைய சக ஊழியர். ஒரே சிற்றுண்டிச்சாலையில் தேநீர் குடிப்பவர், நாளை இவருடைய பதவியுயர்வு நேர்முகத்தில் உட்காரப்போகிறவர். ஆகவே அங்கே முதலில் வருவது, "எழுத்தில் தர வேண்டாம் மகள், நான் கூப்பிட்டுப் பேசுகிறேன்" என்ற வார்த்தை. இரக்கத்தோடு சொல்லப்படும் இந்த வார்த்தைதான் மிகவும் ஆபத்தானது. எழுத்தில் இல்லாத முறைப்பாடு நிறுவனத்தைப் பொறுத்தவரை நடக்காத சம்பவம். கூப்பிட்டுப் பேசியதும் குற்றம் செய்தவர் எச்சரிக்கையாகிவிடுகிறார், தொலைபேசியில் இருந்தவை அழிகின்றன, சாட்சி சொல்லக்கூடிய தோழிகளுக்குச் செய்தி போய்ச் சேர்கிறது.

எழுத்தில் கொடுத்த பிறகும் பாதை நீளமானது. ஊழியர் ஒருவருக்கு எதிரான முறைப்பாடு என்றால் முதலில் பூர்வாங்க விசாரணை, அதில் முகாந்திரம் தெரிந்தால் குற்றச்சாட்டுப் பத்திரம், அதன் பின் முறைசார் விசாரணை, கடைசியில் பேரவையின் தீர்மானம். இந்த ஒழுங்கு தேவையற்றது என்று நான் சொல்லவில்லை. குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தன் பக்கத்தைச் சொல்ல முழு உரிமை உண்டு. ஆனால் மாணவி ஒருவரின் பல்கலைக்கழக வாழ்க்கை மூன்று அல்லது நான்கு வருடம்தான். விசாரணை இரண்டு வருடம் இழுபட்டால் அவள் பட்டம் பெற்றுப் போய்விடுவாள், அல்லது பட்டத்தை விட்டுவிட்டுப் போய்விடுவாள். இடைப்பட்ட காலத்தில் அதே விரிவுரையாளர் அவளுடைய விடைத்தாளைத் திருத்திக்கொண்டிருந்தால் நிலைமை என்ன? விசாரணை முடியும்வரை அவரை அந்த மாணவியின் மதிப்பீட்டிலிருந்து விலக்கி வைப்பது தண்டனை ஆகாது. இந்தச் சின்ன ஏற்பாட்டைச் செய்யப் புதுச் சட்டம் எதுவும் தேவையில்லை. பீடத்தில் துணிவு இருந்தால் போதும்.

கெட்டிக்காரப் பிள்ளைகள்தான் இதில் அதிகம் அகப்படுகிறார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். சாதாரண சித்தியோடு போகத் தயாரான பிள்ளைக்கு ஒருவருடைய தயவும் தேவையில்லை. முதல் வகுப்பையும் தற்காலிக உதவி விரிவுரையாளர் பதவியையும் கனவு காணும் பிள்ளைக்கு மேற்பார்வையாளரின் கையொப்பமும் சிபாரிசுக் கடிதமும் வேண்டும். அவளுடைய திறமையே அவளை அவருடைய அறை வாசலில் காத்திருக்க வைக்கிறது.

குற்றம் செய்தவர் மாணவர் என்றால் பிரச்சினை வேறு மாதிரி. அங்கே பாதிக்கப்பட்டவரைத் தடுப்பது பெட்ச். முறையிட்டால் குறிப்புகள் தரமாட்டார்கள், விடுதியில் பேசமாட்டார்கள், நாலு வருடமும் தனியாகவே சாப்பிட வேண்டிவரும்.

இனி நம் பக்கம் வருவோம். நிறுவனம் மௌனத்தை விரும்புகிறது என்று குற்றம் சொல்லும் நாம், அதே மௌனத்தை வீட்டிலிருந்தே பிள்ளையோடு அனுப்பி வைக்கிறோம். "நாளைக்கு மாப்பிள்ளை பார்க்க வேண்டும்", "தங்கச்சிமாரும் இருக்கிறார்கள்", "படித்தது போதும், வீட்டுக்கு வா" என்பவைதான் நமது பதில்கள். தண்டனை பெறுவது யார் என்று பாருங்கள். பட்டத்தை இழப்பவள் அவள்.

"நாலு சாட்சி இருக்கிறதா?" என்ற கேள்வியும் நமது ஊர்களில் சர்வசாதாரணமாகக் கேட்கிறது. நான் மார்க்க அறிஞன் அல்ல, உலமாக்கள் இதை விரிவாகப் பேச வேண்டும். ஆனால் ஸூரா அந்நூரை வாசிக்கும் எவருக்கும் தெரியும், அந்த நிபந்தனை ஒழுக்கமுள்ள பெண்கள்மீது விபசாரப் பழி சுமத்துவோரை நோக்கியது. பெண்ணின் மானத்தைக் காக்க வந்த விதி அது. தனக்கு இழைக்கப்பட்ட அநியாயத்தைச் சொல்லும் பெண்ணின் வாயை அடைக்க அதையே எடுப்பது தலைகீழான வேலை. யூஸுப் (அலை) அவர்களின் சம்பவத்தில் சட்டை எந்தப் பக்கம் கிழிந்திருக்கிறது என்று பார்த்துத்தான் உண்மை அறியப்பட்டது. வீட்டு எஜமானியின் சொல்லுக்கு எதிராக அடிமையாக வந்த இளைஞர் நின்ற இடத்தில், சூழ்நிலைச் சான்று பேசியது. அநியாயம் செய்யப்பட்டவர் அதை உரத்துச் சொல்வதற்கு அந்நிஸாவில் விதிவிலக்கே இருக்கிறது. பிறர் குறையை மறைப்பது நற்பண்புதான். அது மேலும் பல பிள்ளைகளைப் பாதிக்கும் ஒருவரைப் பாதுகாப்பதற்கு நீளாது.

மறுபக்கமும் உண்டு. சம்பவம் ஒன்று கசிந்ததும் முகநூலிலும் வட்ஸ்அப் குழுக்களிலும் பிள்ளையின் பெயர், ஊர், படம் எல்லாம் சுற்றுகின்றன. அனுதாபத்தோடு பகிர்வோரும் இருக்கிறார்கள். 345 ஆம் பிரிவு உள்ளிட்ட பாலியல் குற்றங்களில் பாதிக்கப்பட்டவரின் அடையாளத்தை வெளியிடுவது தண்டனைச் சட்டக்கோவையின் 365சி பிரிவின்படி தண்டனைக்குரிய குற்றம். பகிர்ந்தவர் நல்லெண்ணத்தில் செய்தேன் என்று தப்பிக்கொள்ளலாம் என நினைக்கக் கூடாது. விசாரணைக்கு முன்பே குற்றவாளி என்று ஒருவரைப் பட்டம் கட்டிப் பரப்புவதும் பிள்ளையின் வழக்கைப் பலவீனப்படுத்தவே செய்யும்.

பிள்ளை வீட்டுக்கு வந்து சொன்னால் பெற்றோர் செய்யக்கூடியவை சில உண்டு. குறுஞ்செய்திகளையோ குரல் பதிவுகளையோ அருவருப்பில் அழித்துவிட விடாதீர்கள். திரைப்படம் எடுத்து இன்னொரு தொலைபேசியிலும் வையுங்கள். எந்தத் திகதி, எத்தனை மணி, எந்த இடம், யார் அருகில் இருந்தார்கள் என்பதை நினைவு மங்குமுன் பிள்ளையின் கைப்படவே எழுதச் சொல்லுங்கள். முறைப்பாட்டை உபவேந்தருக்கு எழுத்தில், பதிவுத் தபாலில் அனுப்பி, பிரதியொன்றை மானியங்கள் ஆணைக்குழுவுக்கும் அனுப்புங்கள். பிரதி வெளியே இருக்கிறது என்று தெரிந்தால் கோப்பு அவ்வளவு எளிதில் காணாமல் போவதில்லை. பொலிஸில் சிறுவர், பெண்கள் பணியகம் இருக்கிறது. பெண்களுக்கான உதவித் தொலைபேசி 1938. முறையிட்டதற்காக மிரட்டல் வந்தால், பாதிக்கப்பட்டோரையும் சாட்சிகளையும் பாதுகாக்கும் 2023 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் பாதுகாப்புக் கோரலாம்.

பலர் தவறவிடுவது கால எல்லையை. அரச பல்கலைக்கழகம் ஒன்றின் நிருவாகம் முறைப்பாட்டைக் கண்டுகொள்ளாமல் விட்டால், அது அடிப்படை உரிமை மீறலாகவும் வாதிடப்படலாம். ஆனால் உயர் நீதிமன்றத்துக்குச் செல்ல ஒரு மாதம்தான் அவகாசம். அந்த ஒரு மாதத்துக்குள் இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்த எல்லைக்குள் கணக்கிடப்படமாட்டாது. உறவினரைக் கூட்டிப் பேசி, ஊர்ப் பெரியவர்களைப் பிடித்து, பள்ளிவாசல் நிர்வாகத்திடம் போய் வருவதற்குள் அந்த மாதம் முடிந்துவிடுகிறது.

மொழியும் ஒரு தடை. தென்பகுதிப் பல்கலைக்கழகம் ஒன்றில் படிக்கும் சம்மாந்துறைப் பிள்ளையின் வாக்குமூலம் சிங்களத்தில் எழுதப்பட்டு, அவள் முழுமையாக விளங்காமலே கையொப்பமிடும் நிலை வரக் கூடாது. அரச நிறுவனங்களோடு தமிழில் தொடர்புகொள்ளும் உரிமையை அரசியலமைப்பின் நான்காம் அத்தியாயம் தருகிறது. வாக்குமூலத்தைத் தமிழில் பதியும்படியும், இல்லையேல் தமிழில் வாசித்துக் காட்டிய பின்பே கையொப்பமிடுவதாகவும் சொல்லப் பிள்ளைகளைப் பழக்க வேண்டும். புதுமுக மாணவர்களுக்கு முதல் வாரத்தில் வழங்கப்படும் கைந்நூலில் முறைப்பாட்டை ஏற்கும் அலுவலரின் பெயரும் தொலைபேசி இலக்கமும் மூன்று மொழிகளிலும் அச்சிடப்பட்டிருக்கிறதா என்று இம்முறை அனுமதி பெற்ற பிள்ளைகளின் பெற்றோர் முதல் நாளே பார்த்துக்கொள்ளலாம். இல்லையென்றால் பதிவாளருக்கு ஒரு கடிதம் எழுதலாம்.