நிலத்தைப் பறிகொடுத்தால் ரிட் மனு போடலாமா?

ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் போன்ற தொழிற்பகுதிகளில் நிலத்தகராறு வந்ததும் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடும் எண்ணமே நமக்கு முதலில் எழுகிறது.

அரசியலமைப்பின் 226-வது பிரிவு முதன்மையாக அரசின் சட்டமீறலைத் தடுப்பதற்கானது. 1997-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டப்படி தொழிலுக்காக நிலம் எடுக்கும்போது விதிமுறை மீறப்பட்டால் ரிட் பொருந்தும். ஆனால் தனிநபர்களுக்கிடையே நிலம் யார் சுவாதீனத்தில் இருந்தது என்பதைச் சாட்சிகளை விசாரித்தே தீர்க்க முடியும். அது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை. கேரள வழக்கொன்றில் 2018-இல் உச்ச நீதிமன்றம் இதையே உறுதிசெய்தது.

நாம் கவனிக்க வேண்டியது காலக்கெடு. சட்டவிரோதமாக வெளியேற்றப்பட்டவர், 1963-ஆம் ஆண்டு குறித்தவகைப் பரிகாரச் சட்டத்தின் 6-வது பிரிவின்கீழ், உரிமையை நிரூபிக்காமலேயே சுவாதீனத்தை மீட்கலாம். ஆனால் 6 மாதங்களுக்குள் வழக்குத் தொடர வேண்டும். தவறினால் பத்திரம், பட்டாவுடன் உரிமையையே நிரூபிக்க வேண்டிவரலாம். ஆகவே ரிட் மனுவில் அந்த மாதங்களைக் கழித்துவிடாமல், முதலில் உரிமையியல் வழக்கறிஞரை அணுகுவோம்.