கார்மல் நகர்மன்றத்தில் நடிகர்கள்: 1929ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றை முன்வைத்து

கலிஃபோர்னியாக் கடற்கரையில் உள்ள கார்மல்-பை-த-சீ என்ற சிற்றூருக்கு 1986 ஏப்ரல் 8 அன்று நடந்த தேர்தலில் நடிகர் கிளின்ட் ஈஸ்ட்வுட் மேயரானார். அவருக்கு 2,166 வாக்குகள். பதவியில் இருந்த சார்லட் டவுன்சென்டுக்கு 799. வெள்ளை மாளிகையில் ஒரு நடிகர் இருக்கிறார், அவர் வழியில் இன்னொருவர் கிளம்பிவிட்டார், திரைப்புகழ் வாக்காகிவிட்டது என்று செய்தியாளர்கள் எழுதினார்கள். ரீகனும் தன் பங்குக்கு, குரங்கோடு நடித்தவருக்கு அரசியலில் என்ன வேலை என்று கேலி செய்தார். இருவருமே குரங்கோடு நடித்தவர்கள் என்பதால் அது நல்ல நகைச்சுவைதான். வரலாற்று விளக்கமாக அது நிற்காது.

ரீகனை ஆளுநராக்கிய லட்சக்கணக்கானோரில் பெரும்பாலோர் அவரைத் திரையிலும் தொலைக்காட்சியிலும் மட்டுமே கண்டவர்கள். கார்மலிலோ மொத்த மக்கள்தொகையே ஐயாயிரத்தைத் தொடாது. ஈஸ்ட்வுட் அங்கே பல ஆண்டுகள் குடியிருந்தவர். ஹாக்ஸ் பிரெத் இன் என்ற உணவகத்தின் பங்குதாரர். அதை ஒட்டி ஒரு கட்டடம் எழுப்ப அனுமதி கேட்டு, கிடைக்காமல், நகராட்சி மேல் வழக்குப் போட்டவர். வழக்கு சமரசத்தில் முடிந்தாலும் சண்டை ஊரறிந்தது. வாக்குச்சீட்டில் மக்கள் கண்டது அந்த வழக்காளியையும்தான். அவர் அணியில் மன்றத்துக்கு நின்ற இருவரும் வென்றார்கள்; அவர்களுக்குத் திரை முகம் கிடையாது. ஐந்து பேர் மன்றத்தில் மேயருக்கும் ஒரே வாக்குதான் என்பதால், அந்த இரண்டு இடங்கள் இல்லாமல் மேயர் பதவி வெறும் அலங்காரமாகவே இருந்திருக்கும். ரீகனை வைத்து விளக்குவோர் இதைத் தொடுவதே இல்லை.

சண்டையின் வேர் 1929இல் கார்மல் இயற்றிய 96ஆம் எண் சட்டத்தில் இருக்கிறது. அதன் அறிவிப்பு வாசகம் விசித்திரமானது. கார்மல் முதன்மையாகக் குடியிருப்பு ஊர்; வணிகம் இதுவரை அதற்குக் கீழ்ப்பட்டே இருந்தது, இப்போதும் இருக்கிறது, இனியும் இருக்கும் என்கிறது. நேற்றைய நிலையைக்கூடத் தீர்மானம் போட்டு நிறுவும் துணிச்சலை நகராட்சி ஆவணங்களில் எளிதில் காண முடியாது. ஆனால் ‘கீழ்ப்பட்டு’ என்றால் எவ்வளவு என்பதற்கு அந்த வாசகத்தில் அளவுகோல் இல்லை. ஆகவே ஒரு கடையா, ஒரு மாடியா, தெருவில் நின்று தின்னும் ஐஸ்கிரீமா என்ற ஒவ்வொரு கேள்வியும் மன்றத்தில் யார் உட்கார்ந்திருக்கிறார் என்பதைப் பொறுத்ததாயிற்று.

அங்கே முன்பே நாடகக்காரர்கள் உட்கார்ந்திருந்தார்கள். 1910இல் திறந்தவெளி ஃபாரஸ்ட் தியேட்டரைத் தொடங்கிய நடிகர் ஹெர்பர்ட் ஹெரன் 1930–32இலும் 1938–40இலும் மேயர். அதே மேடையில் உழைத்த எழுத்தாளர் பெர்ரி நியூபெரி, ஊர் வளர வேண்டும் என்போர் எனக்கு வாக்களிக்காதீர்கள் என்று துண்டறிக்கை வெளியிட்டு வென்றவர். அதை 1922 தேர்தலோடு சேர்ப்போரும் உண்டு, 1929ஓடு சேர்ப்போரும் உண்டு. பிந்தையது சரியென்றால் துண்டறிக்கையும் சட்டமும் ஒரே மூச்சில் பிறந்தவை. முந்தையது சரியென்றால் சட்டத்துக்கு வாக்காளர்களை ஏழாண்டுகளாகப் பழக்கியவர் நியூபெரி. இரண்டாவது ஊகமே இக்கட்டுரைக்குப் பொருத்தமாகப் படுகிறது. ஆனால் ஆண்டு தீராதவரை அது ஊகமே.

ஹெரனின் வாரிசு ஈஸ்ட்வுட் என்பதல்ல இங்குள்ள வாதம். கொள்கையில் இருவரும் எதிரெதிர்க் கரை: நாடகக்காரர்கள் வணிகத்துக்கு வேலி கட்டினார்கள், திரைநடிகர் அந்த வேலியைத் தளர்த்த வந்தார். ஆனால் இருவரையும் மன்றத்துக்கு இழுத்தது மண்ணையும் கட்டடத்தையும் பற்றிய ஒரே வழக்கு. புகழ் வெளியூர்ச் செய்தியாளர்களை அழைத்து வந்தது. வாக்கின் வித்தியாசத்தை அது கொஞ்சம் பெருக்கியும் இருக்கலாம். அதற்கு மேல் அதன் கணக்கில் எழுத இடமில்லை.

மேயராக ஈஸ்ட்வுட் பெற்ற மாதச் சம்பளம் 200 டாலர். ஐஸ்கிரீம் விற்பனைக்கு இருந்த தடை நீங்கியது. குழந்தைகள் நூலகத்துக்கு வழி பிறந்தது. இடையே ‘ஹார்ட்பிரேக் ரிட்ஜ்’, ‘பேர்ட்’ படங்களையும் இயக்கினார். ஈராண்டுத் தவணை 1988இல் முடிந்ததும் மறுபடி நிற்கவில்லை.

ஒரு செயல் மட்டும் இந்த வாதத்துக்குள் அடங்க மறுக்கிறது. வணிகர் பக்கத்து மேயரான அவரே, அடுக்குமாடி வீடுகள் எழவிருந்த மிஷன் ராஞ்ச் என்ற பழைய பண்ணையை 1986இல் சொந்தப் பணத்தில் வாங்கி, கட்டடக்காரர்கள் கைக்குப் போகாமல் தடுத்தார். நியூபெரி உயிரோடு இருந்திருந்தால் கைதட்டியிருப்பார்.