வாடைத் திசையில் ஒரு வைகறை

நார்வேயின் வடபகுதியில் உள்ள ட்ரோம்சோ நகரில், செப்டம்பர் தொடங்கி மார்ச் முடியும்வரை, மாலை ஆறு மணி வாக்கில் சுற்றுலா வேன்கள் புறப்படும். எங்கே போவது என்பது புறப்படும்வரை உறுதியில்லை. வழிகாட்டி மேக வரைபடத்தைப் பார்த்துத்தான் பாதையை முடிவு செய்வார். கடலோரம் மூடிக் கிடந்தால் மலைகளுக்கு அப்பால் ஷிபோட்ன் பள்ளத்தாக்கு. அதுவும் மூடியிருந்தால் எல்லையைத் தாண்டி ஃபின்லாந்தின் கில்பிஸ்யார்வி. எல்லோருக்கும் தடித்த குளிருடை தருவார்கள். விறகு மூட்டித் தீ காய்வார்கள். கேமராவை முக்காலியில் நிறுத்திவிட்டு நள்ளிரவு தாண்டியும் காத்திருப்பார்கள். இந்தப் பயணத்துக்கு அவ்வூரில் வழங்கும் பெயர் ‘நூர்லீஸ்யாக்ட்’. நூர்லீஸ் என்றால் வட ஒளி; யாக்ட் என்றால் வேட்டை.

ஒரே இரவில், ஒரே வேனில், அந்த ஒளியின் நான்கு பெயர்கள் காதில் விழலாம். விளம்பரத் தாளில் அது அரோரா பொரியாலிஸ். ஓட்டுநருக்கு நூர்லீஸ். எல்லை தாண்டியதும் ரெவொந்துலெத். கலைமான் வளர்க்கும் சாமி இனத்தவரின் கூடாரத்தில் குவொவ்ஸாஹஸ். (இனத்தின் பெயர் சாமிதான், நம் சாமியோடு தொடர்பில்லை.) இந்தப் பெயர்களைக் கொஞ்சம் கிளறிப் பார்த்தால், ஒளியைப் பற்றித் தெரிவதைவிட, பெயர் வைத்தவர் எங்கே நின்று பார்த்தார் என்பதே அதிகம் தெரியவரும்.

உலகம் முழுக்கப் பரவிய லத்தீன் பெயரிலிருந்து தொடங்குவோம். அரோரா ரோமானியரின் விடியல் தெய்வம். கிரேக்கர் அவளை ஈயோஸ் என்றார்கள். வேதத்தில் அவள் உஷஸ். லித்துவேனிய மொழியில் விடியலுக்கு ஔஷ்ரா என்று பெயர். நான்கும் ஒரே இந்தோ-ஐரோப்பிய வேரில் கிளைத்த சொற்கள். வேரில் இருந்த ‘ஸ்’ ஒலி, லத்தீனில் இரண்டு உயிர்களுக்கு நடுவே வந்ததால் ‘ர்’ ஆகத் திரிந்தது. கிரேக்கத்தில் தேய்ந்தே போனது. வடமொழியில் ‘ஷ்’ ஆக நின்றது. கிழக்கைக் குறிக்கும் ஆங்கில ‘ஈஸ்ட்’டும் இதே குடும்பம். நம் கோயில்களின் உஷக்கால பூசையும், நம் வீடுகளில் உஷா என்று பெயர் வைக்கப்பட்ட பெண்களும், இந்த வகையில் அரோராவுக்கு உறவுக்காரர்கள்.

அடுத்த பாதி பொரியாலிஸ். இது கிரேக்கரின் போரியஸ் என்ற பெயரிலிருந்து வந்தது. போரியஸ் வடக்கிலிருந்து வீசும் குளிர்காற்றின் தெய்வம். காற்றின் பெயரே திசைக்கும் பெயராகி, பொரியாலிஸ் என்றால் ‘வடக்கைச் சார்ந்த’ என்று ஆயிற்று. தமிழன் இதற்கு அகராதியைத் தேட வேண்டியதில்லை. தெற்கிலிருந்து வருவது தென்றல், வடக்கிலிருந்து வருவது வாடை என்று திசைக்கும் காற்றுக்கும் ஒரே அடியில் பெயர் வைத்த மொழி இது. தமிழில் திசை காற்றுக்குப் பெயர் கொடுத்தது. கிரேக்கத்தில் காற்று திசைக்குப் பெயர் கொடுத்தது. அரோரா பொரியாலிஸைச் சொல்லுக்குச் சொல் தமிழாக்கினால் ‘வாடை வைகறை’ என்று வரும். இன்னொரு வேடிக்கை: கிரேக்கக் கவிஞர் ஹீசியட் தரும் தெய்வ வம்சாவளியில் போரியஸ், ஈயோஸ் பெற்ற பிள்ளை. தாயும் மகனும் ஒரு பெயருக்குள் குடியிருக்கிறார்கள்.

இந்த இரண்டு சொற்களையும் சேர்த்தவர் யார்? 1621 செப்டம்பரில் பிரான்சில் தெரிந்த ஒளியை விவரித்த பியேர் கசாந்தி என்று நெடுங்காலம் சொல்லி வந்தார்கள். ஆனால் அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பே, 1619இல், வால்மீன்களைப் பற்றி இத்தாலியில் வெளியான ஓர் உரையில் இந்தச் சொற்சேர்க்கை இருக்கிறது. உரை மாரியோ குயிதுச்சியின் பெயரில் வந்தது. எழுத்து பெரும்பாலும் அவருடைய ஆசான் கலிலியோவுடையது.

கலிலியோ இதை வைகறை என்றது வெறும் உவமை என்று நினைத்துவிடக் கூடாது. பூமியிலிருந்து எழும் ஆவி நிறைந்த காற்று மிக உயரத்துக்குப் போய், பூமியின் நிழலைத் தாண்டி, அடிவானத்துக்குக் கீழே இருக்கும் சூரியனின் கதிர்களை வாங்கித் திருப்பி அனுப்புகிறது என்பது அவர் கருத்து. அப்படியானால் அது மெய்யாகவே ஒரு விடியல், திசைதான் மாறியிருக்கிறது. ஒரு கோட்பாட்டைச் சுருக்கி இரண்டு சொல்லில் அடைத்துவிட்டார். கோட்பாடு தவறு. பெயர் மட்டும் நிலைத்தது.

அவர் ஏன் அப்படி நினைத்தார் என்பதற்கு இத்தாலியின் இருப்பிடமே விடை. இந்த ஒளியின் பச்சை நிறம் தரையிலிருந்து 100 முதல் 150 கிலோமீட்டர் உயரத்தில் ஆக்சிஜன் அணுக்கள் உமிழ்வது. அதே ஆக்சிஜன் 200 கிலோமீட்டருக்கு மேலே சிவப்பை உமிழும். வடக்கே நிற்பவருக்கு இரண்டும் தெரியும். தெற்கே தொலைவில் நிற்பவருக்குப் பூமியின் வளைவு கீழிருக்கும் பச்சையை மறைத்துவிடும். மேலேயுள்ள சிவப்பு மட்டும் வடக்கு அடிவானத்தில் எட்டிப் பார்க்கும். அது பார்வைக்குச் செவ்வானம்தான். டைபீரியஸ் பேரரசர் காலத்தில் வானம் சிவந்ததைக் கண்டு, ஆஸ்டியா துறைமுகம் பற்றி எரிகிறது என்று படைப்பிரிவுகள் உதவிக்கு ஓடின என்று ரோமானிய எழுத்தாளர் செனகா எழுதியிருக்கிறார். 1872 பிப்ரவரி 4 அன்று அந்த ஒளி பம்பாய்வரை தெரிந்ததாகப் பதிவு உண்டு. 2024 மே மாதம் லடாக்கின் ஹான்லே ஆய்வகக் கேமராக்களில் விழுந்ததும் சிவப்பே. அரோரா என்பது தொலைவில் நின்ற தெற்கத்தியார் வைத்த பெயர்.

வடக்கே போகப் போகப் பெயர் மாறுகிறது. 1250ஐ ஒட்டி நார்வேயில் எழுதப்பட்ட ‘அரசனின் கண்ணாடி’ என்ற நூல் தந்தையும் மகனும் உரையாடுவதாக அமைந்தது. கிரீன்லாந்தில் குடியேறிய நார்வேக்காரர்கள் இந்த ஒளியை ‘நோர்த்ர்லியோஸ்’, அதாவது வட ஒளி என்கிறார்கள் என்று தந்தை சொல்கிறார். காரணமாக மூன்று கருத்துகளைத் தருகிறார்: உலகைச் சூழ்ந்த கடலின் விளிம்பில் எரியும் தீ, அடிவானத்துக்குக் கீழிருந்து வரும் சூரியக் கதிர், பனிப்பாறைகள் தாம் உறிஞ்சிய ஒளியைத் திரும்ப உமிழ்வது. கலிலியோவின் வைகறை அவருக்கு ஏறத்தாழ முன்னூற்றெழுபது ஆண்டுகள் முன்பே இங்கே இரண்டாவதாக நிற்கிறது. இன்றைய நார்வேஜிய நூர்லீஸும் ஐஸ்லாந்தின் நோர்துர்லியோஸும் அந்தப் பழஞ்சொல்லின் வாரிசுகள். ட்ரோம்சோவில் 1902 முதல் வெளிவரும் நாளிதழின் பெயரும் நூர்லீஸ்தான்.

ஒளிக்கு நேர் கீழே வாழ்ந்தவர்களின் பெயர்களில் திசை அவ்வளவாகத் தென்படுவதில்லை. அவர்கள் கண்டது அசைவை. ஃபின்னியரின் ரெவொந்துலெத் ‘நரித் தீ’. ‘ரெபோ’ நரிக்குரிய பழைய சொல், ‘துலெத்’ தீக்கள். பனிமேட்டில் ஓடும் நரியின் வால் உரசிப் பொறி பறக்கிறது என்பது கதை. கிரீன்லாந்தின் இன்யூட் மக்களுக்கு இது ‘பந்தாடுபவர்கள்’: இறந்தோரின் ஆவிகள் வால்ரஸ் மண்டையோட்டை உதைத்து விளையாடுகின்றன. ஷெட்லாந்து தீவினர் ‘மிர்ரி டான்சர்ஸ்’ என்கிறார்கள். ‘மிர்’ என்பது அவர்கள் வழக்கில் மினுமினுப்பைக் குறிக்கும் என்பர். ஆங்கிலக் காது அதை ‘மெர்ரி’ என்று வாங்கிக்கொண்டதால், மினுமினுக்கும் ஆட்டக்காரர்கள் மகிழ்ச்சியான ஆட்டக்காரர்கள் ஆகிவிட்டார்கள்.

சாமியரின் குவொவ்ஸாஹஸ்தான் இன்று சுற்றுலாக்காரர் நாவில் அதிகம் புரளும் சொல். ‘காதால் கேட்கக்கூடிய ஒளி’ என்று அதற்குப் பொருள் சொல்வார்கள். கேட்க அழகாக இருக்கிறது. சொல்லின் உறுப்புகளில் அந்தப் பொருள் இல்லை. வடசாமி மொழியில் ‘குவொவ்ஸு’ என்பது வைகறையின் செந்நிறம். அதே அடியில் துருவின் செந்நிறச் சிறகுள்ள ஒரு காட்டுப் பறவைக்கும் பெயர் உண்டு. லத்தீனை அறியாமலே சாமியரும் வைகறையிடம் போயிருக்கிறார்கள். ஆனால் அவர்கள் சொன்னது நிறச் சாயலை. கலிலியோ சொன்னது காரணத்தை. காதுக் கதை முற்றிலும் கட்டுக்கதை என்று தள்ளவும் முடியாது. ஒளி வலுக்கும் இரவுகளில் மெல்லிய வெடிப்பொலி கேட்பதாகப் பல தலைமுறைகளாகச் சொல்லி வந்திருக்கிறார்கள். ஃபின்லாந்தின் ஆல்டோ பல்கலைக்கழகத்து உன்டோ லைனே அப்படிப்பட்ட ஒலிகளைப் பதிவு செய்து, அவை தரைக்கு மேல் ஏறத்தாழ 70 மீட்டரில் பிறப்பதாக 2012இல் அறிவித்தார். அந்த ஒளியைப் பார்த்துச் சீழ்க்கை அடிக்கக் கூடாது என்று சாமிப் பிள்ளைகளை மிரட்டி வளர்த்த வழக்கத்தை வழிகாட்டிகள் இன்றும் தீயைச் சுற்றி உட்கார்ந்து சொல்கிறார்கள்.

இன்னும் வடக்கே, 78 டிகிரியில் இருக்கும் ஸ்வால்பார்டுக்குப் போனால் ‘வட ஒளி’ என்ற பெயர் கவிழ்ந்தே விடுகிறது. இந்த ஒளி துருவத்தின் உச்சியில் நிற்பதில்லை. காந்தத் துருவத்தைச் சூழ்ந்து வளையமாகப் படர்கிறது. ட்ரோம்சோ அந்த வளையத்தின் அடியில் இருக்கிறது. ஸ்வால்பார்டு வளையத்துக்கு உள்ளே. ஆகவே அங்கே இரவு ஒளி பெரும்பாலும் தெற்கு வானத்தில் தோன்றும். குளிர்கால நடுவில் நண்பகலும் இருண்டே இருப்பதால் பகல் பக்கத்து ஒளியையும் பார்க்கலாம். வட ஒளி தெற்கே; வைகறை உச்சிப் பகலில்! அறிவியலார் அங்கே ஆய்வகம் அமைத்திருப்பதும் இந்தப் பகல் ஒளிக்காகவே.

கலிலியோவின் கோட்பாடு மெல்ல மெல்லச் செத்தது. 1716இல் லண்டனில் ஒளியைக் கண்ட எட்மண்ட் ஹாலி, பூமியின் காந்தத்தோடு அதை இணைத்தார். 1867இல் ஸ்வீடனின் ஆங்ஸ்ட்ரம் நிறமாலைக் கருவியால் பார்த்தபோது, சூரிய ஒளியில் இருப்பது போன்ற முழு நிறத்தொடர் வரவில்லை. தனித்த ஒரு பசுமஞ்சள் கோடு வந்தது. எதிரொளித்த சூரிய ஒளி என்ற பேச்சு அதோடு முடிந்தது. 1896இல் நார்வேயின் கிறிஸ்டியன் பிர்க்லண்ட், சூரியனிலிருந்து புறப்படும் மின்னேற்றத் துகள்களைப் பூமியின் காந்தம் துருவப் பக்கம் திருப்புவதால் இந்த ஒளி எழுகிறது என்றார். காந்தக் கோளம் ஒன்றை வெற்றிடப் பெட்டிக்குள் வைத்து அதைச் செய்தும் காட்டினார். சூரியனை வெளியே அனுப்பிய கதவின் வழியாகவே சூரியன் திரும்பி வந்தது. கதிரை எதிரொளிப்பதாகச் சொன்னது பிழை. மூலம் சூரியன் என்றது சரி. வைகறை என்ற பெயர் காரணம் தவறி, விடை தப்பாமல் நின்றது.

பெயரிடும் வேலை இன்னும் ஓயவில்லை. சுற்றுலாப் பயணி கேட்கும் முதல் கேள்வி, “இன்னைக்குக் கே.பி. எவ்வளவு?” கே.பி. என்பது புவிக்காந்தக் கலக்கத்தை 0 முதல் 9 வரை அளக்கும் எண். ஜெர்மானியர் யூலியஸ் பார்டெல்ஸ் 1949இல் கொண்டுவந்தது. ‘கே’ ஜெர்மன் மொழியில் குறியெண்ணைச் சுட்டும் சொல்லின் முதலெழுத்து. ‘பி’ கோள் முழுமைக்கும் என்பதைச் சுட்டும். ட்ரோம்சோ வழிகாட்டிகள் இந்த எண்ணைப் பெரிதாகக் கண்டுகொள்வதில்லை. வளையத்தின் அடியிலேயே இருப்பதால் ஒன்றோ இரண்டோ அவர்களுக்குப் போதும். மேகம் விலகுவதே பெரிய காரியம். கனடாவின் ஆல்பர்ட்டாவில் இந்த ஒளியைத் தேடித் திரியும் ஆர்வலர்கள் 2016இல் இன்னதென்று விளங்காத ஓர் ஊதா நாடாவுக்கு ‘ஸ்டீவ்’ என்று பெயர் வைத்தார்கள். விலங்குகள் தமக்குப் புரியாத ஒரு வேலிக்கு ஸ்டீவ் என்று பெயரிடும் கார்ட்டூன் படத்திலிருந்து எடுத்தது. அறிவியலார் பிறகு அந்த எழுத்துகளுக்குப் பொருந்தும்படி ஒரு நீண்ட தொடரை உருவாக்கிக் கௌரவம் சேர்த்தார்கள். கலிலியோவின் பெயரில் தவறான விளக்கம் இருந்தது. ஸ்டீவில் விளக்கமே இல்லை என்ற ஒப்புதல் இருக்கிறது. இரண்டாவது நேர்மையானது.

தமிழுக்கு வருவோம். நாம் எழுதும் ‘துருவ ஒளி’ ஜெர்மானியரின் ‘போலார்லிஹ்ட்’ வழியில் போவது. ஆனால் துருவம் என்ற வடசொல்லின் அடிப்பொருள் ‘அசையாதது’; துருவ நட்சத்திரத்துக்கு அந்தப் பெயர் வந்ததும் அதனால்தான். வானத்தில் ஓரிடத்தில் நிற்காத ஒன்றுக்கு அசையா ஒளி என்று பெயர் வாய்த்திருக்கிறது. ‘வடவொளி’ நார்வேக்காரர் வழி. அன்டார்டிக் பக்கம் தெரியும் அதே ஒளிக்கு அது ஆகாது. பழைய ‘வடவைத் தீ’யை எடுத்துக்கொள்ளலாமே என்று யாருக்காவது ஆசை வரலாம். கடலில் எரியும் தீ என்பதால் ‘அரசனின் கண்ணாடி’யின் முதல் கருத்தோடு அப்படியே பொருந்துவது போலத் தோன்றும். ஆனால் வடவைக்கும் வடக்குக்கும் உறவில்லை. வடமொழியில் வடவா என்றால் பெண்குதிரை. குதிரை முகத்தோடு கடலடியில் எரியும் ஊழித்தீ அது.

ஆக, கையில் இருக்கும் தமிழ்ப் பெயர்கள் எல்லாமே வேறொருவர் நின்ற இடத்திலிருந்து பார்த்தவை. அந்த ஒளிக்குக் கீழே வாழ்ந்த தமிழர்களும் இருக்கிறார்கள். 1980களிலிருந்து ஈழத் தமிழர் பலர் நார்வேயின் ஃபின்மார்க் கரையோர ஊர்களில் மீன் பதனிடும் ஆலைகளில் வேலை பார்த்தார்கள். வேலை முடிந்து வீடு திரும்பும் வழியில், வேனும் வழிகாட்டியும் இல்லாமல், அதைப் பார்த்தவர்கள் அவர்கள். அங்கே பிள்ளைக்கு வானத்தைக் காட்டி என்ன சொன்னார்கள் என்று அகராதிக்காரர்கள் போய்க் கேட்டு எழுதிக்கொள்ள வேண்டும். பெயர் வைக்கும் முதல் உரிமை கீழே நின்று பார்த்தவருக்குத்தான்.