முதல் கேள்வியின் பொறுப்பு: சிங்கப்பூரில் நேரில் கண்டோரின் நினைவும் வாக்குமூலமும்

நேரில் கண்ட சாட்சியின் நினைவு மூன்று கட்டங்களைக் கடந்து நீதிமன்றத்தை அடைகிறது. நிகழ்வைப் புலன்கள் வாங்குவது முதற்கட்டம். வாங்கியதை மனம் தக்கவைப்பது இரண்டாவது. பிறர் கேட்கும்போது அதை மீட்டுச் சொல்வது மூன்றாவது. முதற்கட்டத்தை நீதிமன்றங்கள் நெடுங்காலமாக நுணுகி ஆராய்ந்து வந்துள்ளன: வெளிச்சம் இருந்ததா, எவ்வளவு தொலைவு, எத்தனை நொடி பார்த்தார். பின்னிரு கட்டங்களில் நேரும் சிதைவு அந்த அளவுக்குக் கவனம் பெறவில்லை. பொய் சொல்பவரைக் குறுக்கு விசாரணை தடுமாற வைக்கும். தவறான நினைவை மெய்யென்று நம்பிச் சொல்பவர் தடுமாறுவதில்லை. அவர் நேர்மையாகவே பேசுகிறார். ஆபத்தும் அங்கேதான் இருக்கிறது. சாட்சியின் நினைவு காக்கப்படுவதும் கெடுவதும் பெரும்பாலும் காவல்துறையின் முதல் விசாரணையில்தான். அவ்விசாரணை முழுமையாகப் பதிவாகாதவரை நீதிமன்றம் பின்னாளில் வைக்கும் சோதனைகள் குறைபட்டே நிற்கும் என்பதே இக்கட்டுரையின் வாதம்.

ஒரே நிகழ்வைப் பலர் கண்டு, கேமராவும் அதைப் பதிந்து, பின்னர் பொது விசாரணை இரண்டையும் ஒப்பிட்டுப் பார்ப்பது அரிது. சிங்கப்பூரில் அது 2013 டிசம்பர் 8ஆம் நாள் நிகழ்ந்த லிட்டில் இந்தியா கலவரத்தில் வாய்த்தது. ஞாயிற்றுக்கிழமை இரவு ஒன்பதரை மணிக்குச் சற்று முன், ரேஸ் கோர்ஸ் சாலையும் ஹேம்ப்ஷயர் சாலையும் சந்திக்கும் இடத்தில், தமிழகத்திலிருந்து வந்த 33 வயதுக் கட்டுமானத் தொழிலாளி ஒருவர் தனியார் பேருந்தின் சக்கரத்தில் சிக்கி உயிரிழந்தார். அதையடுத்து மூண்ட கலவரத்தை ஆராய, முன்னாள் நீதிபதி ஜி. பன்னீர்செல்வம் தலைமையில் நால்வர் கொண்ட விசாரணைக் குழு அமைந்தது. 2014 பிப்ரவரி, மார்ச் மாதங்களில் சாட்சிகளை விசாரித்த அக்குழுவின் அறிக்கை அவ்வாண்டு ஜூன் இறுதியில் வெளியானது.

பேருந்தின் நேரக் கண்காணிப்பாளரான பெண் அத்தொழிலாளியைப் பேருந்திலிருந்து தள்ளிவிட்டார் என்ற நம்பிக்கை கூட்டத்தில் பரவியிருந்தது. பேருந்தின் கேமரா காட்டியது வேறு. இறங்கச் சொன்னபின் தொழிலாளி தாமாகவே இறங்கினார். பின்பு புறப்பட்ட பேருந்தை ஒட்டி நடந்தபோது நிலைதவறி விழுந்தார். இதைவிடக் கூர்ந்து நோக்கத்தக்கது அடுத்து நடந்தது. மீட்புப் பணியாளர் வந்தபோது தொழிலாளி இறந்துவிட்டிருந்தார். கூட்டத்துக்கு அது தெரியாது. ஓட்டுநரையும் நேரக் கண்காணிப்பாளரையும் அதிகாரிகள் பாதுகாத்து அழைத்துச் செல்வதை மட்டுமே அவர்கள் கண்டனர். உயிருக்குப் போராடுபவரை விட்டுவிட்டு, காரணமானவர்களைக் காப்பாற்றுகிறார்கள் என்று அது அவர்கள் மனத்தில் பதிந்தது. இந்தத் தவறான புரிதலைக் கலவரக் காரணங்களுள் ஒன்றாகக் குழு குறிப்பிட்டது. அங்கு நின்றவர்களின் கண்கள் பொய்க்கவில்லை. கண்டதற்கு அவர்கள் கொடுத்த பொருளே பொய்த்தது. அந்தப் பொருளோடு சேர்ந்தே காட்சி நினைவானது. புலம்பெயர்ந்த தொழிலாளர்களின் அறியாமை என்று இதை ஒதுக்குவது அநியாயம். உளவியல் ஆய்வுக்கூடங்களில் கல்லூரி மாணவர்களிடமும் இதே தன்மை திரும்பத் திரும்ப வெளிப்பட்டிருக்கிறது.

எலிசபெத் லாஃப்டஸும் ஜான் பாமரும் 1974இல் வெளியிட்ட சோதனை இத்துறையில் அடிப்படையானது. வாகன விபத்துப் படத்துண்டுகளைப் பார்த்த 45 மாணவர்களிடம் வண்டிகளின் வேகம் கேட்கப்பட்டது. கேள்வியில் வினைச்சொல் மட்டும் மாறியது. வண்டிகள் நொறுங்க மோதியபோது என்ன வேகம் என்று கேட்கப்பட்டவர்களின் சராசரி மதிப்பீடு மணிக்கு 40 மைலுக்கு மேல், தொட்டுக்கொண்டபோது என்று கேட்கப்பட்டவர்களுடையது 31.8 மைல். இரண்டாம் சோதனையில், ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டனர். படத்தில் கண்ணாடி உடையவே இல்லை. ஆயினும் நொறுங்க மோதியதாகக் கேட்கப்பட்ட 50 பேரில் 16 பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். மென்மையான சொல்லால் கேட்கப்பட்ட 50 பேரில் அப்படிச் சொன்னவர்கள் 7 பேர். கேட்டவரின் சொல் ஒரு வாரத்துக்குள் சாட்சியின் காட்சியாகிவிட்டது.

உடன் பார்த்தவரின் பேச்சும் இவ்வாறே நினைவுக்குள் புகுகிறது. ஃபியோனா காபர்ட்டும் உடனாய்வாளர்களும் 2003இல் செய்த ஆய்வில், ஒரே நிகழ்வின் சற்றே மாறுபட்ட படங்களை இருவர் இருவராகப் பார்த்துவிட்டுத் தமக்குள் பேசிக்கொண்டனர். அவ்வாறு பேசியவர்களில் 71 விழுக்காட்டினர், தாம் பார்க்காத, மற்றவர் மட்டுமே பார்த்த விவரத்தைத் தம் நினைவாகச் சொன்னார்கள். லிட்டில் இந்தியாவின் தேக்கா வட்டாரத்தில் ஞாயிறு இரவு கூடும் கூட்டத்தில் ஒருவர் வாய்ச்சொல் எத்தனை பேரின் நினைவாகும் என்பதை இதைக் கொண்டு ஊகிக்கலாம்.

இன வேற்றுமையும் ஒரு காரணி. கிறிஸ்டியன் மைஸ்னரும் ஜான் பிரிகமும் 2001இல் வெளியிட்ட தொகுப்பாய்வின்படி, முன்பு கண்டிராத முகத்தைக் கண்டதாகத் தவறாகச் சொல்வது, வேற்றினத்தார் முகங்களில் ஒன்றரை மடங்குக்கும் மேல் நேர்கிறது. நான்கு இனத்தார் ஒரே மின்தூக்கியில் ஏறி இறங்கும் நாட்டில் இதைப் புறக்கணிக்க முடியாது.

இவற்றைச் சட்டம் எப்படி எதிர்கொள்கிறது? சிங்கப்பூர்ச் சான்றுச் சட்டம் 1872ஆம் ஆண்டு இந்தியச் சட்டத்தின் வழிவந்தது. ஓர் உண்மையை நிறுவ இத்தனை சாட்சிகள் வேண்டும் என்று அது வரையறுப்பதில்லை. நம்பத்தக்க ஒருவரே போதும். அடையாளச் சான்றின் ஆபத்தை இங்கிலாந்து மேல்முறையீட்டு நீதிமன்றம் 1976இல் டர்ன்புல் வழக்கில் எடுத்துரைத்து, ஜூரிகளை எச்சரிக்க வேண்டும் என்று பணித்தது. சிங்கப்பூரில் 1970 முதல் ஜூரி முறை இல்லை. நீதிபதி தம்மைத் தாமே எச்சரித்துக்கொள்ள வேண்டும். ஹெங் ஐக் ரென் தாமஸ் வழக்கில் 1998இல் சிங்கப்பூர் மேல்முறையீட்டு நீதிமன்றம் டர்ன்புல் நெறியை மூன்று படிகளாகத் தகவமைத்தது. வழக்கு அடையாளச் சான்றையே பெரிதும் சார்ந்துள்ளதா. ஆம் எனில் அச்சான்றின் தரம் என்ன. தரம் குறைவெனில் அதைத் தாங்கும் வேறு சான்று உண்டா. இது நல்ல நெறி. 2020இல் ஜி.சி.கே. வழக்கில் அந்நீதிமன்றம் மேலும் ஓரடி வைத்தது. பாதிக்கப்பட்டவர் சாட்சி சொல்ல இயலாத அவ்வழக்கில், வேறு துணைச்சான்று இன்றி நேரில் கண்ட ஒருவரின் சொல்லை மட்டும் கொண்டு தண்டிப்பதானால், அச்சொல் வழக்கத்தினும் மேலான உறுதி தருவதாக இருக்க வேண்டும் என்றது.

இந்நெறிகளின் எல்லையைக் காண, கேரி வெல்ஸ் 1978இல் செய்த பாகுபாடு துணை செய்யும். வெளிச்சம், தொலைவு, நேரம், இனம் போன்றவை எவர் கையிலும் இல்லாதவை. பின்னாளில் மதிப்பிட மட்டுமே முடியும். கேள்வியின் வடிவம், படங்களைக் காட்டும் முறை, தேர்வுக்குப் பின் அதிகாரி சொல்வது ஆகியவை நீதித்துறையின் கையில் உள்ளவை, திருத்த முடியும். டர்ன்புல் நெறி தரத்தை அளக்கக் கொள்ளும் அளவுகோல்களில் ஏறக்குறைய எல்லாமே முதல் வகை. சாட்சியிடம் என்ன கேட்டார்கள், அதற்குமுன் அவர் யாரோடு பேசினார், எந்தப் படத்தைப் பார்த்தார் என்பவை அப்பட்டியலில் இல்லை. அமெரிக்காவின் நியூ ஜெர்சி உச்ச நீதிமன்றம் 2011இல் ஹெண்டர்சன் வழக்கில் இரு வகைகளையும் சேர்த்தே எடைபோட வேண்டும் என்று தீர்ப்பளித்தது. சிங்கப்பூர் நீதிமன்றங்களுக்கும் அதற்குத் தடையேதும் இல்லை, குறை தரவில்தான்.

விசாரணையின் போது நடந்ததைக் காட்டும் ஆவணம் பெரும்பாலும் இருப்பதில்லை. குற்றவியல் நடைமுறைச் சட்டத் தொகுப்பின் 22ஆம் பிரிவின்படி எழுதப்படும் வாக்குமூலத்தைச் சாட்சிக்குப் படித்துக்காட்ட வேண்டும். ஆங்கிலம் தெரியாதவருக்கு அவருக்குப் புரியும் மொழியில் பெயர்த்துச் சொல்லி ஒப்பம் வாங்க வேண்டும். புதுக்கோட்டைத் தமிழில் ஒருவர் தயங்கித் தயங்கிச் சொன்னது, ஆங்கிலத்தில் ஒழுங்கான தன்மைக்கூற்றாக எழுந்து நிற்கிறது. தயக்கம் மறைகிறது. எது சாட்சி தானே சொன்னது, எது கேள்வி ஊட்டியது என்பதும் மறைகிறது. மொழி இடையில் நிற்பதன் தீங்கை உயர் நீதிமன்றம் அறியாததல்ல. 2020 செப்டம்பரில் இந்தோனேசியப் பணிப்பெண் ஒருவரைத் திருட்டுக் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தபோது, அவருடைய வாக்குமூலங்கள் அவர் மொழிக்குரிய மொழிபெயர்ப்பாளர் இன்றிப் பதியப்பட்டதை அது சுட்டிக்காட்டியது. அவர் குற்றஞ்சாட்டப்பட்டவர். சாட்சிக்கும் அதே கவனம் தேவை.

கேமராக்கள் பெருகியதால் சாட்சியின் நினைவுக்கு இனி வேலையில்லை என்ற எண்ணம் பொதுவாக உண்டு. 2016க்குள் ஏறத்தாழ 10,000 வீடமைப்பு வளர்ச்சிக் கழகக் (வீவக) கட்டடங்களிலும் பலமாடி வாகன நிறுத்தங்களிலும் 62,000க்கு மேற்பட்ட காவல்துறைக் கேமராக்கள் பொருத்தப்பட்டன. செங்காங் போன்ற அடர்ந்த நகரில் அவற்றின் பயன் கண்கூடு. ஆனால் கீழ்த்தளத்திலும் மின்தூக்கிக் கூடத்திலும் யார் நடந்தார் என்பதைக் கேமரா காட்டும். மேல்மாடியில் யார் என்ன பேசினார், யார் முதலில் கை ஓங்கினார் என்பதற்குப் பெரும்பாலும் அண்டை வீட்டாரின் நினைவே கதி. செங்காங்கின் காம்பஸ்வேலில் ஒரு கதவில் கடன்முதலையின் ஆள் சாயம் ஊற்றியதை எதிர்வீட்டுப் பெண் கண்டதாகக் கொள்வோம். விசாரணைக்குமுன் அவரிடம் கேமராப் படத்தைக் காட்டினால், பின்னர் அவர் அடையாளம் சொல்வது தாம் கண்ட முகத்தையா, படத்து முகத்தையா என்பதை எவராலும் பிரிக்க முடியாது. குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவில் அப்படம் சுற்றினாலும் விளைவு அதுவே. முதலில் அவர் சொல்வதை முழுதும் கேட்டுப் பதிந்த பிறகே படம்.

நல்ல விசாரணை முறை புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியதன்று. ரொனால்ட் ஃபிஷரும் எட்வர்ட் கைசல்மனும் 1980களில் வகுத்த அறிதிறன் நேர்காணல், சாட்சியை நிகழ்வின் சூழலுக்கு மனத்தால் அழைத்துச் சென்று, அற்பமெனத் தோன்றுவதையும் சொல்லவிட்டு, குறுக்கிடாமல் கேட்கிறது. தாமாகச் சொல்லி முடித்தபின்தான் கேள்விகள். இங்கிலாந்துக் காவல்துறை 1990களின் தொடக்கத்தில் இதைத் தன் பயிற்சியில் சேர்த்தது. அடையாளம் காட்டியவரிடம் சரியான ஆளைக் காட்டினீர்கள் என்று ஒரு வார்த்தை சொன்னாலே அவருடைய உறுதி ஏறிவிடுகிறது, நன்றாகப் பார்த்ததாகவும் நினைக்கத் தொடங்குகிறார் என்பதை வெல்ஸும் ஏமி பிராட்ஃபீல்டும் 1998இல் காட்டினர். ஆகவே சந்தேக நபர் யாரென்று அறியாத அதிகாரியே படங்களைக் காட்டுவது நலம்.

நினைவை அறவே நம்பக்கூடாது என்பது இவற்றின் முடிவாகாது. ஜான் விக்ஸ்டெட்டும் வெல்ஸும் 2017இல் காட்டியபடி, முறையாக நடந்த முதல் அடையாளத் தேர்வில் சாட்சி வெளிப்படுத்தும் உறுதி அவர் சொல்வதன் சரித்தன்மையோடு நெருங்கிப் பொருந்துகிறது. மாதங்கள் கழித்து நீதிமன்றக் கூண்டில் காட்டும் உறுதிக்கு அந்த மதிப்பு இல்லை. முதல் சொல்லைக் காக்க இதைவிட வலுவான காரணம் வேண்டியதில்லை.

2018ஆம் ஆண்டுக் குற்றவியல் நீதிச் சீர்திருத்தச் சட்டம் வாக்குமூலங்களைக் காணொளியாகப் பதிய வழி திறந்தது. நடைமுறையில் அது முதலில் சென்றது சில கடுங்குற்றங்களில் சந்தேக நபர்களிடமும், எளிதில் பாதிக்கப்படக்கூடிய சாட்சிகளிடமும். சாதாரண சாட்சிக்கு அது கட்டாயமில்லை. ஒருவரை அடையாளம் காட்டும் சொல்லே வழக்கின் தூணாகும் இடங்களிலேனும், அச்சாட்சியின் முதல் விசாரணையை அவர் பேசும் மொழியிலேயே, கேள்விகளோடு சேர்த்து, காணொளியாகப் பதிவதை நாடாளுமன்றம் கட்டாயமாக்க வேண்டும். அப்படிப் பதியும் அதிகாரம் 22ஆம் பிரிவில் ஏற்கெனவே இருக்கிறது. கடமையாக அது இன்னும் எழுதப்படவில்லை.