வேலைதேடி இடம்பெயர்தல் (தருமபுரி மாவட்டம்)

மானாவாரி நிலமும் பொய்க்கும் மழையும் காரணமாகத் தருமபுரி மாவட்டத்தார் கூலி வேலைக்கு வெளிமாநிலம் செல்வது வழக்கம். பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போவோர் ஓசூர், அத்திப்பள்ளி வழியாகக் கர்நாடக எல்லையைக் கடக்கின்றனர். மேஸ்திரியிடம் முன்பணம் வாங்கிய குடும்பங்கள் அரிசி, பாத்திரம், பாய் ஆகியவற்றை மூட்டைகட்டிச் செல்லும். வேலையிடத்திலேயே தகரக் கொட்டகையில் தங்கி, மூன்று கல் கூட்டிச் சமைக்கும். ஊரார், உறவினரோடு சேர்ந்து போவதே இவர்களுக்குக் காப்பு. சாரத்திலிருந்து விழுதல், கூலி பாக்கி, பிள்ளைகளின் படிப்பு நின்றுபோதல் ஆகியவை அன்றாட இடர்கள். வெளிமாநிலத்தில் உயிரிழந்தோரும் உண்டு: 2015 ஏப்ரல் 7 அன்று ஆந்திரத்தின் சேசாசலம் காட்டில், செம்மரம் வெட்ட வந்தவர்கள் எனக் காவல்துறை சுட்டதில் இறந்த 20 பேரில் இம்மாவட்டத்தினரும் இருந்தனர். வெளிமாநிலத் தொழிலாளருக்கு ஒப்பந்ததாரர் பயணப்படி தரவேண்டும் என 1979ஆம் ஆண்டுச் சட்டம் விதித்தது.