கே.கே.எஸ். இறங்குதுறையும் தாமதமான வழக்குகளும்

வழக்கு இழுபட்டால் நாங்கள் எல்லாரும் நீதிமன்றத்தைத்தான் திட்டுவோம். மேலே உள்ள நீதிமன்றம் ஒரு கட்டளை போட்டால் கீழே எல்லாம் வேகமாக நடக்கும் என்றும் நம்புவோம். யாழ்ப்பாணத்து வழக்குகளைப் பார்த்தால் அது பாதி உண்மை. மற்றப் பாதி காங்கேசன்துறை இறங்குதுறையில் கிடக்கிறது.

இன்றைய பிள்ளைகளுக்கு கே.கே.எஸ். என்றால் கடைசி ரயில் நிலையம், நாகபட்டினத்துக் கப்பல், மூடிக்கிடக்கும் சீமெந்துத் தொழிற்சாலை. 1990களின் பிற்பாதியில் கதை வேறு. ஏ9 வீதி பூட்டு. தெற்குக்குப் போகிற சனம் படையினரிடம் பாஸ் எடுத்து, இங்கிருந்து திருகோணமலைக்குக் கப்பல் ஏற வேண்டும். கடலில் சண்டை என்றால் கப்பல் இல்லை. (1990 ஒக்டோபரில் வெளியேற்றப்பட்ட நாங்கள் அப்போது புத்தளம் முகாம்களில். எங்கள் வெளியேற்றத்துக்காக ஒருவர்கூடக் குற்றவாளிக் கூண்டில் ஏறவில்லை. தாமதம் என்று முறையிடக்கூட ஒரு வழக்கு வேண்டுமே!)

அந்தக் காலத்தில்தான் கிருஷாந்தி வழக்கு. 1996 செப்டெம்பர் 7, உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டு வந்த மாணவி செம்மணி சோதனைச் சாவடியில் பிடிக்கப்பட்டு, வன்புணரப்பட்டுக் கொல்லப்பட்டார். தேடிப்போன தாயும் தம்பியும் அயலவரும் கொல்லப்பட்டனர். மூன்று நீதிபதிகள் கொண்ட ட்ரயல் அட் பார் கொழும்பில் அமர்ந்து, 1998 ஜூலை 3 அன்று மரண தண்டனைத் தீர்ப்பை வாசித்தது. கொலையிலிருந்து 22 மாதம். யுத்தத்தின் நடுவில் அது பெரிய வேகம்.

ஆனால் ட்ரயல் அட் பார் என்றாலே வேகம் என்று நினைத்துவிட வேண்டாம். 2000 டிசெம்பரில் மிருசுவிலில் தங்கள் வீட்டைப் பார்க்கப் போன எட்டுப் பேர் கொல்லப்பட்டார்கள், அதில் ஒரு சின்னப் பிள்ளையும். தப்பி வந்த ஒருவர் சாட்சி. அதற்கும் கொழும்பில் அதே வகை நீதிமன்றம்தான். தீர்ப்பு வந்தது 2015 ஜூன் 25. பதினாலரை வருடம்! 2019 ஏப்ரலில் உயர் நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்தது. பதினொரு மாதத்தில், 2020 மார்ச் 26 அன்று, ஜனாதிபதி பொது மன்னிப்பு. மன்னிப்புக்கு மட்டும் தவணை இல்லை.

இந்தியாவில் 1979இல் ஹுசைனாரா காத்தூன் வழக்கில், பீகார் சிறைகளில் விசாரணையே இல்லாமல் கிடந்தவர்களைப் பார்த்து உச்ச நீதிமன்றம், விரைவான விசாரணை உயிர்வாழும் உரிமைக்குள் அடங்கும் என்றது. நமது அரசியலமைப்பின் 13(3) ‘நியாயமான விசாரணை’ என்கிறது. விரைவு என்ற சொல் அதில் இல்லை. மேன்முறையீட்டு நீதிமன்றம் ‘சீக்கிரம் முடியுங்கள்’ என்று கீழ் நீதிமன்றத்துக்குச் சொல்லலாம். ஆனால் பாரதூரமான குற்றம் என்றால் சட்டமா அதிபரின் குற்றப்பத்திரம் வர வேண்டும், இரசாயனப் பகுப்பாய்வு அறிக்கை வர வேண்டும், சாட்சியும் வந்து சேர வேண்டும். இவை வராவிட்டால் மல்லாகம் நீதவான் என்ன செய்வார்? அடுத்த தவணை போடுவார்.

புங்குடுதீவு மாணவி வழக்கைப் பாருங்கள். 2015 மே மாதம் கொலை. ட்ரயல் அட் பார் இந்தமுறை யாழ்ப்பாணத்திலேயே அமர்ந்தது. 2017 ஜூன் 28 விசாரணை தொடங்கி, செப்டெம்பர் 27 தீர்ப்பு. ஏழு பேருக்கு மரண தண்டனை. சாட்சியைத் தேடி நீதிமன்றம் வந்தது. வழக்கை தெற்குக்கு மாற்றுங்கள் என்று கேட்கிற ஒவ்வொரு முறையும் இந்த மூன்று மாதக் கணக்கை முன்னால் வைக்க வேண்டும் என்பது எங்கள் அபிப்பிராயம்.

கிருஷாந்தி வழக்கில் தண்டனை பெற்ற சோமரத்ன ராஜபக்ச, செம்மணியில் நூற்றுக்கணக்கானோர் புதைக்கப்பட்டதாக அதே மன்றில் சொன்னார். 1999இல் தோண்டி 15 உடல்கள் எடுத்தார்கள். அதற்கு இன்றுவரை தீர்ப்பு இல்லை. 2025இல் செம்மணி சித்துப்பாத்தியில் மறுபடி தோண்டியபோது வெளிவந்த எலும்புக்கூடுகள் 200க்கும் மேல். அந்த விசாரணை யாழ்ப்பாணம் நீதவான் நீதிமன்றத்தில் இருக்கிறது.